புல்வெளியைத் தேய்க்கிற அம்மாவும் கரண்ட் நோட்டு மாமாவும்

கேள்வி இது: "வினோதமான பொழுதுபோக்கு வைத்திருக்கும் ஒருவரைப் பற்றி பத்து நிமிட காமெடி குறும்படம் எடுக்க ஆசை. கேட்டவர்கள் எல்லோரும் 1959-இல் வந்த 'தி ரன்னிங் ஜம்பிங் அண்ட் ஸ்டாண்டிங் ஸ்டில் ஃபிலிம்' பார்க்கச் சொல்கிறார்கள். பார்த்துவிட்டேன். கதை கிடையாது, வசனம் கிடையாது, நாலைந்து பேர் ஒரு புல்வெளியில் என்னென்னவோ செய்கிறார்கள். சிரிப்பே வரவில்லை. இதில் நான் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது?"

சிரிப்பு வராததற்கு நீங்கள் வெட்கப்பட வேண்டியதில்லை. முதல் தடவை பார்த்தபோது எனக்கும் வரவில்லை. லேப்டாப்பில், பாதி சாப்பாட்டில், இதுவா ஆஸ்கருக்குப் போன படம் என்று நினைத்துக்கொண்டே பார்த்தேன். இரண்டாவது தடவை ஒரு நண்பர் வீட்டுச் சுவரில் புரொஜெக்டர் போட்டுப் பார்த்தபோதுதான் பிடிபட்டது. நான் அடுத்த ஜோக் எப்போது வரும் என்று காத்திருந்தேன். அந்தப் புல்வெளியில் இருந்த ஆசாமிகள் எதற்கும் காத்திருக்கவில்லை, அவரவர் வேலையில் மும்முரமாக இருந்தார்கள். அந்த மும்முரத்தை ஒரு தடவை கவனித்துவிட்டால் அப்புறம் படம் வேறு மாதிரி தெரியும்.

எடுத்த விதத்திலிருந்து ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் உங்களுக்கு அதிகம் உதவப்போவது அதுதான். பீட்டர் செல்லர்ஸ் அப்போதே பெரிய ஆள். பிபிசி வானொலியில் 1951-லிருந்து ஓடிக்கொண்டிருந்த 'தி கூன் ஷோ'வில் ஸ்பைக் மில்லிகன், ஹாரி சீகோம்ப் இருவரோடும் சேர்ந்து பிரிட்டன் முழுக்கச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தார், சினிமாவிலும் கால் ஊன்றியிருந்தார். காரும் கேமராவும் வாங்கிக் குவிப்பது அந்த மனுஷனின் கிறுக்கு. அப்படி வாங்கிய ஒரு 16 மி.மீ. கேமராவை வைத்து ஏதாவது செய்து பார்ப்போமே என்று கிளம்பியதுதான் இந்தப் படம். கூட ரிச்சர்ட் லெஸ்டர். ஃபிலடெல்ஃபியாவில் பிறந்து லண்டனுக்கு வந்து சேர்ந்த இளைஞர், கூன் கோஷ்டியின் கோமாளித்தனத்தைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுபோக 1956-இல் அவர்களோடு வேலை பார்த்தவர். மில்லிகன் நம் ஊர்ப்பக்கத்துப் பிறவி என்பதையும் சொல்லிவிடுகிறேன்: 1918-இல் அகமத்நகரில் பிறந்தார், அப்பா பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில் இருந்தார், பூனாவிலும் ரங்கூனிலும் வளர்ந்தார்.

இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள். மொத்தச் செலவு சுமார் 70 பவுண்டு, அதில் 5 பவுண்டு அந்தப் புல்வெளிக்கு வாடகை. நண்பர்களைக் கூட்டிக்கொண்டு போய், தோன்றியதை எடுத்து, 11 நிமிடமாக வெட்டி ஒட்டினார்கள். வெளியில் போட்டுக் காட்ட வேண்டும் என்ற எண்ணமே முதலில் பெரிதாக இல்லை. அதாவது, வெட்டிப் பொழுதுபோக்குகளைப் பற்றிய படம், தானே ஒரு வெட்டிப் பொழுதுபோக்காகத்தான் பிறந்தது. அது எப்படியோ நழுவி வெளியே போய், சிறந்த குறும்படத்துக்கான ஆஸ்கர் பட்டியலில் இடம்பிடித்தது. பரிசு கிடைக்கவில்லை. 1960 விழாவில் அதைத் தட்டிப் பறித்தது ஒரு தங்கமீனைப் பற்றிய பிரெஞ்சுப் படம், தயாரித்தவர் கடலடிப் படங்களுக்குப் பேர்போன கூஸ்தோ. 70 பவுண்டு படத்தை ஒரு மீன் தோற்கடித்தது என்றால் அதைக்கூட அந்தப் படத்தின் இன்னொரு ஜோக்காகச் சேர்த்துக்கொள்ளலாம்.

சரி, உள்ளே என்ன நடக்கிறது? ஒரு துப்புரவுக்கார அம்மா மண்டியிட்டு பிரஷ் வைத்துப் புல்வெளியைத் தேய்த்துக்கொண்டிருக்கிறார், வீட்டுத் தரையைத் தேய்ப்பது மாதிரியே. ஓர் ஓவியர் ஒரு பெண்ணை வரைகிறார், கிட்டத்தில் பார்த்தால் அவள் முகம் முழுக்க எண்கள். ஒருவர் வயலின் வாசிக்கிறார். ஸ்வரத்தாள் வைத்த ஸ்டாண்ட் எங்கோ தூரத்தில் இருக்கிறது, அதை டெலஸ்கோப் வழியாகப் பார்த்து வாசிக்கிறார், பக்கம் முடிந்ததும் சைக்கிளை எடுத்துக்கொண்டு அங்கே போய்ப் புரட்ட வேண்டியிருக்கிறது. இன்னொருவர் வெட்டிய மரத்தின் அடிக்கட்டையில் இசைத்தட்டை வைத்துவிட்டு, ஊசியைக் கையில் பிடித்தபடி கட்டையைச் சுற்றிச் சுற்றி ஓடுகிறார். பாட்டு கேட்கிறது.

இந்தக் கடைசி ஜோக்கைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்ப்போம். கிராமபோனில் தட்டு சுற்றும், ஊசி நிற்கும். இவர் தட்டை நிறுத்திவிட்டு ஊசியைச் சுற்ற வைக்கிறார். யோசித்துப் பாருங்கள், இயற்பியல் கணக்குப்படி இதில் தப்பே இல்லை! தட்டு நகர்ந்தாலும் ஊசி நகர்ந்தாலும் பள்ளத்துக்கு ஒன்றுதான். என்ன, பழைய 78 வேகத் தட்டு என்றால் நிமிடத்துக்கு 78 சுற்று ஓட வேண்டும், அதாவது ஒரு சுற்றுக்கு முக்கால் விநாடிக்குக் கொஞ்சம் கூட. சரி போகட்டும், மெதுவாகச் சுற்றும் எல்.பி. தட்டு என்று வைத்துக்கொண்டாலும் நிமிடத்துக்கு 33-க்கு மேல். தட்டு கடிகாரச் சுற்றில் சுற்றும் என்பதால் ஆள் எதிர்ச்சுற்றில் ஓட வேண்டும். நான் ஒரு தடவை மொட்டை மாடித் தண்ணீர்த் தொட்டியைச் சுற்றி ஓடிப் பார்த்தேன், நாலு சுற்றில் தலை கிறுகிறுத்து உட்கார்ந்துவிட்டேன். (வேலையில்லாதவன் என்று நீங்கள் சொல்வது காதில் விழுகிறது.)

வயலின்காரரும் அப்படித்தான். டெலஸ்கோப் இருந்தால் தூரத்துத் தாளைப் படிக்க முடியும், அதில் என்ன குறை? பக்கம் புரட்டுவதுதான் சிக்கல், அதற்குத்தான் சைக்கிள் வைத்திருக்கிறாரே. ஒவ்வொரு அடியும் நியாயமானது. ஸ்டாண்டைப் பக்கத்தில் நகர்த்தி வைத்திருக்கலாமே என்ற ஒரே ஒரு யோசனை மட்டும் அவருக்கு வருவதில்லை. வந்தாலும் நகர்த்த மாட்டார் என்றுதான் தோன்றுகிறது.

உங்கள் படத்துக்கு நான் எடுத்துக்கொடுக்க நினைப்பது இதைத்தான். கிறுக்குப் பொழுதுபோக்கு உள்ளவனை முட்டாளாகக் காட்டினால் ஒரு நிமிடம் சிரிப்பார்கள், இரண்டாவது நிமிடம் சலித்துவிடும், மூன்றாவது நிமிடம் பாவமாகிவிடும். அவன் அறிவாளியாக இருக்க வேண்டும். யாருக்கும் தேவையில்லாத ஒரு சிக்கலைத் தானே உண்டாக்கி, அதை அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்து, அசாத்தியத் திறமையோடு தீர்க்கிறவனாக இருக்க வேண்டும். தர்க்கம் கெட்டியாக இருக்கட்டும், தேவை மட்டும் துளியும் இருக்கக் கூடாது.

எண் எழுதிய முகத்துக்கு வருகிறேன், ஏனென்றால் உங்களுக்கு அது வெறும் அபத்தமாகப் பட்டிருக்கலாம். அன்றைய பார்வையாளருக்கு அது அன்றாடச் செய்தி. 1950-களின் ஆரம்பத்தில் அமெரிக்காவில் டெட்ராய்ட் பக்கம் ஒரு பெயின்ட் கம்பெனி, எண் போட்ட கட்டங்களில் அதே எண்ணுள்ள வண்ணத்தை நிரப்பினால் ஓவியம் தயார் என்று ஒரு பெட்டியை விற்க ஆரம்பித்தது, அது காட்டுத்தீயாய்ப் பரவியது. யார் வேண்டுமானாலும் ஓவியர் ஆகலாம் என்ற அந்த மோகத்தை இவர்கள் தலைகீழாகப் புரட்டினார்கள்: எண் அட்டையில் இல்லை, ஆளின் மூஞ்சியிலேயே இருக்கிறது. இங்கிலாந்தே அப்போது பொழுதுபோக்குகளில் மூழ்கிக் கிடந்த காலம். இயன் ஆலன் என்பவர் 1942-இல் ரயில் என்ஜின் எண்களைப் பட்டியல் போட்டு ஒரு சின்னப் புத்தகம் வெளியிட்டார், போருக்குப் பிறகு பள்ளிக்கூடப் பையன்கள் கூட்டம் கூட்டமாகப் பிளாட்பார ஓரத்தில் நின்று, போகிற என்ஜினின் எண்ணைப் பார்த்துப் புத்தகத்தில் கோடு போட்டுக்கொண்டிருந்தார்கள். கூடாரம், கேமரா, டெலஸ்கோப், ஓவியப் பலகை என்று தூக்கிக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை வெளியில் கிளம்பும் அந்த ஆங்கிலேயர்களைத்தான் ஒரே புல்வெளியில் இறக்கிவிட்டிருக்கிறார்கள். இது தெரியாமல் பார்த்தால் பாதி போய்விடும், அது உங்கள் குற்றம் இல்லை.

வசனம் இல்லாததைக் குறையாகச் சொல்லியிருக்கிறீர்கள். அந்தக் காலத்து 16 மி.மீ. கைக்கேமராக்கள் பெரும்பாலும் கடிகாரம் மாதிரி சாவி கொடுத்து ஓட்டுகிறவை, ஒரு முழுச் சாவிக்குச் சுமார் அரை நிமிடம் ஓடும், ஓடும்போது தையல் மெஷின் மாதிரி சத்தம் போடும். நடிகர் பேசுவதைக் கூடவே பதிவு செய்வது அதில் நடக்காத காரியம். அதனால் இசையையும் சத்தங்களையும் பிறகு சேர்த்தார்கள், இசையும் லெஸ்டரே. பற்றாக்குறைதான், ஆனால் இவர்கள் வானொலியில் ஊறியவர்கள் என்பதை மறக்கக் கூடாது. கண்ணுக்குத் தெரியாத அபத்தத்தைச் சத்தத்தால் மட்டுமே நம்ப வைப்பது கூன் ஷோவின் தொழில். இங்கே அதையே திருப்பிப் போட்டிருக்கிறார்கள், வாயைக் கட்டிவிட்டு. நீங்கள் போனில் எடுக்கப்போகிறீர்கள், வசனத்துக்கு எந்தத் தடையும் இல்லை, ஆனாலும் முதல் வரைவை வசனமே இல்லாமல் எழுதிப் பாருங்கள். பாத்திரம் தன் பொழுதுபோக்கை வாயால் விளக்க ஆரம்பித்த இடத்தில் பெரும்பாலும் காமெடி செத்துப்போய் பேட்டி ஆரம்பித்துவிடும்.

படத்தில் எல்லாமே பிரமாதம் என்று நான் சொல்ல வரவில்லை. தூரத்தில் நிற்கும் ஒருவர் கையசைத்துக் கூப்பிட, இன்னொருவர் அந்தப் பரந்த வெளியைக் கடந்து வந்து சேர்ந்ததும் குத்துச்சண்டை உறையால் ஒரு குத்து வாங்குகிறாரே, பலர் அதைத்தான் உச்சம் என்பார்கள். எனக்கு அந்த நீண்ட வருகை பிடிக்கும், குத்து பிடிக்காது. அவ்வளவு தூரம் வரவைத்துவிட்டு ஒரு குத்துத்தானா? நடுவில் சில துணுக்குகள் நண்பர்கள் தங்களுக்குள் சிரித்துக்கொண்டவை என்று அப்பட்டமாகத் தெரிகிறது. பெண்களுக்குத் தேய்ப்பதும் உட்கார்ந்திருப்பதும்தான் வேலை, கிறுக்காக இருக்கும் உரிமை ஆண்களுக்கு மட்டும். உங்கள் படத்தில் அதை மாற்றலாம், ஒரு பாட்டியின் கிறுக்கை இன்னும் யாரும் சரியாக எடுக்கவில்லை என்பது என் அபிப்பிராயம்.

ஆனால் அந்த இரண்டு ஞாயிறுகள் எங்கே கொண்டுபோய் விட்டன என்று பாருங்கள். பீட்டில்ஸ் இசைக்குழுவின் நால்வருக்கும், முக்கியமாக ஜான் லெனனுக்கு, கூன் ஷோ என்றால் உயிர். அவர்களின் இசைத் தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டின் அதற்கு முன்பே செல்லர்ஸின் காமெடி இசைத்தட்டுகளைத் தயாரித்தவர். பீட்டில்ஸை வைத்துப் படம் எடுக்கலாம் என்ற பேச்சு வந்தபோது, இந்த 11 நிமிடப் படத்தை எடுத்த ஆள் என்பதே லெஸ்டருக்குப் பெரிய சிபாரிசாக அமைந்தது. 1964-இல் வந்த 'எ ஹார்ட் டேஸ் நைட்'டில் நால்வரும் ஒரு திறந்தவெளியில் இறங்கிக் குதித்துக் கும்மாளம் போடும் இடம் வருமே, அது இந்தப் புல்வெளியின் தம்பிதான். அடுத்த வருடம் இன்னொரு படத்துக்காக பிரான்ஸில் நடக்கும் கான் திரைப்பட விழாவின் உச்சப் பரிசையும் லெஸ்டர் வாங்கினார். 70 பவுண்டுக்கு இது மோசமில்லை.

இதோடு இன்னொரு படமும் பாருங்கள், இன்னும் எளிதில் சிரிப்பு வரும்: நிக் பார்க்கின் 'எ கிராண்ட் டே அவுட்', 1989, 23 நிமிடம், களிமண் பொம்மைகளை அசைத்து எடுத்தது. வாலஸ் என்ற கண்டுபிடிப்புக் கிறுக்கர், வீட்டில் சீஸ் தீர்ந்துபோய்விட்டது. கடை விடுமுறை. நிலா சீஸால் ஆனது என்பதுதான் எல்லோருக்கும் தெரியுமே, ஆகவே ராக்கெட் கட்டி நிலாவுக்குப் போகிறார், நாய் குரோமிட்டோடு. புறப்படும் நேரம், திரி எரிந்துகொண்டிருக்கிறது, அப்போதுதான் பிஸ்கட் எடுத்து வைக்கவில்லை என்று ஞாபகம் வருகிறது, திரும்ப வீட்டுக்குள் ஓடுகிறார். ராக்கெட்டின் பாதுகாப்பு, பெட்ரோல், திரும்பி வருவது எதைப் பற்றியும் கவலை இல்லை, சீஸை எதோடு சாப்பிடுவது என்பதுதான் கவலை. வயலின்காரரின் சைக்கிளும் இந்தப் பிஸ்கட்டும் ஒரே குடும்பம். அந்தப் படத்தை நிக் பார்க் திரைப்படப் பள்ளி மாணவராக 1982-இல் ஆரம்பித்து ஏழு வருடம் உருட்டினார், அதுவும் ஒரு கிறுக்குத்தான். ஆஸ்கருக்கு அவருடைய இரண்டு படங்கள் ஒரே வருடம் ஒரே பிரிவில் போய், இது தோற்றது, இவரே எடுத்த மற்றதுதான் ஜெயித்தது.

இப்போது என் சொந்தக் கதை, நான் எங்கே சறுக்கினேன் என்று. எங்கள் எதிர்வீட்டில் ஒரு மாமா, மின்தடை நேரங்களைக் குறித்து வைப்பவர். போன நேரம், வந்த நேரம், மொத்த நிமிடம், எல்லாம் நீளமான ரூல்டு நோட்டில், சிவப்பு மையில் போனது, நீல மையில் வந்தது. எதற்கு மாமா என்றால், "ஒரு கணக்குக்குத்தான்" என்பார். யாரிடமும் புகார் செய்ததில்லை, மனு போட்டதில்லை. அவரை வைத்து ஏழு நிமிடக் குறும்படம் எடுத்தோம், அவருக்குச் சொல்லிவிட்டுத்தான். நடித்தவர் என் நண்பன், நல்ல நடிகன், ஆனால் நான்தான் அவனை "கொஞ்சம் காமெடியா பண்ணு" என்று கெடுத்தேன். முழியை உருட்டினான், கரண்ட் போனதும் துள்ளிக் குதித்தான், நோட்டைக் கட்டிப்பிடித்தான். பின்னணியில் டொய்ங் டொய்ங் என்று ஒரு இசை வேறு.

தெரு ஆட்களைக் கூப்பிட்டு ஒரு சின்ன ஹாலில் போட்டுக் காட்டினோம். நாற்பது பேர் இருப்பார்கள். ஒரு சத்தம் இல்லை. மரியாதைக்கு இரண்டு பேர் இருமினார்கள். பாதியில் மாமா மெதுவாக என் பக்கம் சாய்ந்து, "தம்பி, அவர் ஏன் பேனா மூடியைக் கழற்றாமலே எழுதறார்?" என்று கேட்டார். திரையில் பார்த்தேன், ஆமாம், மூடி அப்படியே இருக்கிறது. எழுதி, இயக்கி, எடிட் செய்து நூறு தடவை பார்த்த எனக்குத் தெரியாதது அவருக்கு ஒரே தடவையில் தெரிந்துவிட்டது. அவமானமாக இருந்தது. பொழுதுபோக்குக்காரனுக்கு அந்தப் பேனாதான் எல்லாம், அதைக்கூடக் கவனிக்காத நான் அவரைப் பற்றிப் படம் எடுத்திருக்கிறேன்.

அதனால் படப்பிடிப்புக்கு முன் ஒரு வாரமாவது அந்தப் பொழுதுபோக்கை நீங்களே செய்யுங்கள். பஸ் டிக்கெட் சேர்ப்பவரைப் பற்றி என்றால் சேர்த்துப் பாருங்கள், எதில் ஒட்டுவது, மை எப்போது மங்கும், எந்த டிக்கெட் கிடைத்தால் அன்றைக்குத் தூக்கம் வராது என்பதெல்லாம் அப்போதுதான் தெரியும். உங்கள் ஜோக்குகள் அங்கேதான் கிடக்கின்றன, உட்கார்ந்து யோசித்தால் வராது. நடிகரிடம் காமெடி என்ற வார்த்தையையே உச்சரிக்காதீர்கள். கேமராவைத் தள்ளி வையுங்கள்: லெஸ்டர் ஆளைச் சின்னதாகவும் புல்வெளியைப் பெரியதாகவும் காட்டுகிற ஷாட்டுகளைக் கவனித்தீர்களா, அவ்வளவு பெரிய உலகத்தில் இவ்வளவு சின்னக் காரியத்தை இவ்வளவு சிரத்தையாகச் செய்கிறானே என்பது அந்தத் தூரத்தில்தான் தெரிகிறது. முகத்துக்குக் குளோசப் போனால் நடிகர் உடனே நடிக்க ஆரம்பித்துவிடுவார். பொருளுக்கு மட்டும் குளோசப் போங்கள், பேனா, ஊசி, டிக்கெட். அப்புறம், பக்கத்து ஆட்கள் வியந்து பார்ப்பது போல ரியாக்‌ஷன் ஷாட் வைக்காதீர்கள். அந்தப் புல்வெளியில் தரையைத் தேய்க்கிற அம்மா, யார் பார்க்கிறார்கள் என்று கவலைப்படுவதே இல்லை.

எங்கள் திரையிடல் எப்படி முடிந்தது என்று கேட்டால், ஐந்தாவது நிமிடத்தில் கரண்ட் போய்விட்டது. ஹால் இருட்டு, யாரும் அசையவில்லை. முன் வரிசையில் ஒரு சின்ன டார்ச் எரிந்தது. மாமா பையிலிருந்து நோட்டை எடுத்தார், சிவப்புப் பேனாவின் மூடியைக் கழற்றினார், கைக்கடிகாரத்தை டார்ச் வெளிச்சத்தில் பார்த்து 7.42 என்று எழுதினார். பின்னால் ஒரு பையன் முதலில் சிரித்தான், அப்புறம் நாற்பது பேரும். மாமா மட்டும் திரும்பிப் பார்க்கவே இல்லை, கரண்ட் வந்தால் எழுத நீலப் பேனாவைத் தேடிக்கொண்டிருந்தார்.